பத்திரம் 47-ஏ-வுக்குப் போனால் என்ன செய்வது? சொத்து மதிப்பும் மேல்முறையீட்டுக் கெடுவும்

"பத்திரம் 47-ஏ-வுக்குப் போயிடுச்சு" என்று சொன்னால் போதும், வீட்டில் எல்லோர் முகமும் மாறிவிடும். 47-ஏ என்பது, பத்திரத்தில் எழுதிய சொத்து மதிப்பு குறைவு என்று தோன்றினால் அதை விசாரிக்க வழி செய்யும் முத்திரைச் சட்டப் பிரிவு. ஏதோ கேஸ் போட்டுவிட்டார்கள், அபராதம் வரப்போகிறது, வாங்கிய நிலமே கையைவிட்டுப் போய்விடுமோ என்றெல்லாம் பயம் வரும். சப் ரிஜிஸ்டரார் ஆபீஸ் வாசலில் விசாரித்தால் ஆளுக்கொரு விளக்கம் கிடைக்கும். கைடுலைன்தான் சட்டம், அதற்கு மேல் பேச்சே கிடையாது என்பார் ஒருவர். "சும்மா விடுங்க சார், ரெண்டு வருஷம் கழிச்சு அவங்களே கூப்பிட்டுக் குறைச்சுக் கொடுப்பாங்க" என்பார் இன்னொருவர். பேங்க் மூலம்தானே பணம் கொடுத்தீர்கள், அந்த ஸ்டேட்மென்ட்டைக் காட்டினால் முடிந்தது என்று மூன்றாமவர் தைரியம் சொல்வார்.

மூன்றுமே தவறு. முதல் பேச்சை நம்பினால் தேவையில்லாமல் பணம் போகும். இரண்டாவதை நம்பினால் கெடு போகும். மூன்றாவதை நம்பினால் தவறான ஆதாரத்தோடு போய் நிற்க வேண்டிவரும்.

முதன்முறையாக இதில் மாட்டியவர்களுக்காக எழுதுவது இது. சொல்வதெல்லாம் தமிழ்நாட்டு நடைமுறை. இந்திய முத்திரைச் சட்டம் 1899-ஆம் ஆண்டைச் சேர்ந்தது என்றாலும், 47-ஏ என்ற பிரிவை மாநிலங்கள் தனித்தனியாகத் திருத்தி வைத்திருக்கின்றன. பெங்களூரில் வீடு வாங்கிய மச்சான் சொல்லும் நாள் கணக்கு இங்கே பொருந்தாமல் போகலாம்.

மூன்று மதிப்புகள்

குழப்பமெல்லாம் மூன்று தொகைகளை ஒன்றாக நினைப்பதில்தான் தொடங்குகிறது.

நீங்கள் விற்றவருக்குக் கொடுத்ததாகப் பத்திரத்தில் எழுதியிருக்கும் தொகை பத்திர மதிப்பு.

அரசு தெரு வாரியாகவும் சர்வே எண் வாரியாகவும் முன்கூட்டியே நிர்ணயித்துப் பதிவுத்துறை இணையதளத்தில் போட்டிருக்கும் தொகை வழிகாட்டி மதிப்பு. பேச்சில் எல்லோரும் கைடுலைன் என்பது இதைத்தான்.

மூன்றாவது சந்தை மதிப்பு. பத்திரம் எழுதிக் கையெழுத்தான நாளில் அந்தச் சொத்தை வெளிச்சந்தையில் விற்றிருந்தால் என்ன விலை போயிருக்குமோ அது. முத்திரைத் தீர்வை, அதாவது பத்திரத்துக்காக அரசுக்குக் கட்டும் வரி, சட்டப்படி இந்த மூன்றாவது தொகையின் மேல்தான் கணக்கிடப்படுகிறது. சிக்கல் என்னவென்றால், மற்ற இரண்டும் தாளில் இருக்கின்றன. இது மட்டும் எங்கேயும் எழுதி வைக்கப்படவில்லை, கண்டுபிடிக்க வேண்டியிருக்கிறது.

பழைய பைக் விற்பதை நினைத்துப் பாருங்கள். இன்ன மாடல், இன்ன வருடம் என்றால் இன்ன விலை என்று புரோக்கர் கையில் ஒரு பட்டியல் இருக்கும். அந்தப் பட்டியல் பொய்யில்லை. ஆனால் உங்கள் பைக் ஒருமுறை லாரியில் மோதி ஃபோர்க் மாற்றியது அதற்குத் தெரியாது. அதே மாடலில் பக்கத்து வீட்டுக்காரர் துணி போட்டு மூடி வைத்திருக்கும் வண்டியையும் அது பார்த்ததில்லை. வழிகாட்டி மதிப்பும் அப்படித்தான். ஒரு தெருவுக்கே ஒரு விலை சொல்கிறது. உங்கள் மனை தெருவின் கடைசியில், மழைக்காலத்தில் முழங்கால் தண்ணீர் நிற்கும் பள்ளத்தில் இருப்பதை அது பார்த்ததில்லை.

வழிகாட்டி மதிப்பு சந்தை மதிப்பு ஆகாது என்பதற்கு அதன் சமீபகால வரலாறே சாட்சி. 2017 ஜூன் 9 அன்று தமிழ்நாடு முழுக்க வழிகாட்டி மதிப்பு 33 சதவீதம் குறைக்கப்பட்டது. அதோடு விற்பனைப் பத்திரத்துக்கான பதிவுக் கட்டணம் 1 சதவீதத்திலிருந்து 4 சதவீதமாக ஏறியது. பிறகு 2023 ஏப்ரல் 1 முதல் 2017-க்கு முந்தைய மதிப்புக்கே திரும்பினார்கள், பதிவுக் கட்டணத்தை 2 சதவீதமாக்கினார்கள். 2024 ஜூலை 1 முதல் மறுபடியும் புதிய மதிப்புகள் வந்தன. 2017 ஜூன் 8 இரவுக்கும் மறுநாள் காலைக்கும் இடையில் தாம்பரத்திலோ தல்லாகுளத்திலோ நிலத்தின் விலை மூன்றில் ஒரு பங்கு விழுந்துவிடவில்லையே!

நீதிமன்றங்களும் இதை ஏற்கெனவே சொல்லிவிட்டன. டான்சி என்ற அரசு சிறுதொழில் நிறுவனத்தின் நில வழக்கில் 2003-இல் தீர்ப்பளித்த உச்ச நீதிமன்றம், வழிகாட்டி மதிப்பு என்பது உண்மையான சந்தை மதிப்பைக் கண்டறிய முதல் பார்வைக்கு உதவும் ஓர் அடிப்படை மட்டுமே, இறுதி முடிவல்ல என்றது.

இதுவரை சொன்னது இவ்வளவுதான்: வரி சந்தை மதிப்புக்கு. கைடுலைன் அதற்கு ஒரு தொடக்கப்புள்ளி. நீங்கள் கொடுத்த விலையும் தானாக சந்தை மதிப்பாகிவிடாது. மூன்றாவது ஆள் சொன்ன பேங்க் ஸ்டேட்மென்ட் தனியாக நின்று ஜெயிக்காதது இதனால்தான். நீங்கள் உண்மையாகவே 45 லட்சம்தான் கொடுத்திருக்கலாம். அதிகாரி கேட்பது, அந்த நாளில் அது எவ்வளவுக்குப் போகும் என்பதை.

எவ்வளவு பணத்துக்கான சண்டை இது?

ஒரு கற்பனைக் கணக்கு போடுவோம். ஒரு கிரவுண்டு மனை, அதாவது 2,400 சதுர அடி. கைடுலைன் சதுர அடிக்கு 2,500 ரூபாய். ஆக வழிகாட்டி மதிப்பு 60 லட்சம். நீங்கள் பத்திரத்தில் எழுதியது 45 லட்சம். விற்பனைப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம். வித்தியாசம் 15 லட்சம் என்றால் கூடுதலாகக் கட்டச் சொல்லும் தீர்வை 1,05,000 ரூபாய்.

விசாரணை முடிவில் சந்தை மதிப்பு 52 லட்சம் என்று முடிவானால் வித்தியாசம் 7 லட்சமாகச் சுருங்கும், கட்ட வேண்டியது 49,000. நீங்கள் எழுதிய 45 லட்சமே சரி என்றால் ஒன்றுமில்லை. பெரும்பாலும் இந்தச் சண்டை முழு வெற்றிக்கும் முழுத் தோல்விக்கும் நடுவில் எங்கோதான் போய் நிற்கும். அதைத் தெரிந்துகொண்டு இறங்குவது நல்லது.

47-ஏ உண்மையில் என்ன செய்கிறது

தமிழ்நாட்டில் இந்தப் பிரிவு 1967-இல் சேர்க்கப்பட்டது. இதை நடத்துவதற்கான விதிகள் அடுத்த ஆண்டு, 1968-இல் வந்தன. ஆவணங்களைக் குறைமதிப்பீடு செய்வதைத் தடுக்கும் விதிகள் என்று பெயர். குறைமதிப்பீடு என்றால் சொத்தின் உண்மையான சந்தை மதிப்பை விடக் குறைத்துப் பத்திரத்தில் காட்டுவது.

பத்திரம் சப் ரிஜிஸ்டராரிடம் வருகிறது. எழுதிய தொகை குறைவு என்று நம்ப அவருக்குக் காரணம் இருந்தால், 47-ஏ-வின் முதல் உட்பிரிவின்படி பத்திரத்தைப் பதிவு செய்துவிட்டு, மதிப்பை முடிவு செய்யும்படி ஆட்சியருக்கு அனுப்பலாம். "பதிவு செய்துவிட்டு" என்ற சொல்லைக் கவனியுங்கள். மதிப்பு குறைவு என்ற ஒரே காரணத்துக்காகப் பதிவை மறுப்பது இந்தப் பிரிவின் வேலை இல்லை. உங்கள் பத்திரத்துக்கு எண் விழுந்துவிடும். ஆனால் மூலப் பத்திரம் கைக்கு வராமல் தங்கிவிடுவது நடைமுறையில் உண்டு. பேங்க் லோன் போட்டிருப்பவருக்குப் பெரிய தலைவலியே அதுதான்.

இங்கே ஆட்சியர் என்றதும் கலெக்டர் ஆபீஸில் திங்கட்கிழமை மனு வாங்குபவரை நினைத்துக்கொள்ள வேண்டாம். இதற்கென்றே தனித்துணை ஆட்சியர் (முத்திரை) இருக்கிறார். சில இடங்களில் மாவட்ட வருவாய் அலுவலர் நிலையில் இருப்பவர் இதைப் பார்க்கிறார். சட்டம் ஆட்சியருக்குக் கொடுத்த அதிகாரத்தை இவர்கள்தான் பயன்படுத்துகிறார்கள்.

இவர் உங்களுக்கும் விற்றவருக்கும் நோட்டீஸ் கொடுத்து, சொல்வதைக் கேட்டு, விசாரித்து, சந்தை மதிப்பை முடிவு செய்ய வேண்டும். வித்தியாசம் இருந்தால் அதற்கான தீர்வையைக் கட்டச் சொல்வார். இது குற்ற விசாரணை இல்லை, மதிப்பு எவ்வளவு என்ற கணக்கு. "கேஸ்" என்ற சொல்லே மக்களைப் பாதி பயமுறுத்திவிடுகிறது.

சப் ரிஜிஸ்டரார் எதையும் கண்ணை மூடிக்கொண்டு அனுப்பிவிட முடியாது என்பதும் முக்கியம். நம்புவதற்குக் காரணம் வேண்டும் என்பது சட்டத்தின் சொல். நலிந்துபோன ஒரு நிறுவனத்தின் நிலம் அதற்கென அமைந்த குழுவின் மேற்பார்வையில் விற்கப்பட்ட வழக்கில், 2009-இல் உச்ச நீதிமன்றம் இதை அழுத்திச் சொன்னது. வெளிப்படையாக நடந்த விற்பனையில் தீர்வையைக் குறைக்கும் எண்ணம் எங்கே இருக்கிறது என்பது அங்கே எழுந்த கேள்வி. ஏலத்தில் சொத்து எடுத்தவர்களுக்கு இது கைகொடுக்கும் வாதம். 2025 பிப்ரவரியில் வந்த இன்னொரு தீர்ப்பும் தமிழ்நாட்டு வழக்கில்தான். காரணமே காட்டாத பரிந்துரையையும், அடிப்படை சொல்லாத மதிப்பு நிர்ணயத்தையும் அதில் உச்ச நீதிமன்றம் ஏற்கவில்லை.

சுருக்கமாக: பதிவு நடந்துவிட்டது, சொத்து உங்களுடையதுதான். மதிப்பு மட்டும் இன்னொரு அதிகாரியின் மேஜையில் இருக்கிறது. அடுத்து உங்களுக்கு ஒரு கவர் வரும்.

முதல் நோட்டீஸ்: 21 நாள்

அந்தக் கவரில் வருவது படிவம் 1. உங்கள் பத்திரம் குறைமதிப்பு என்று பரிந்துரைக்கப்பட்டிருக்கிறது, நீங்கள் எழுதியதுதான் சரியான மதிப்பு என்று காட்ட உங்கள் விளக்கத்தையும் ஆதாரங்களையும் கொடுங்கள் என்று அது கேட்கும். நோட்டீஸ் கைக்கு வந்த நாளிலிருந்து 21 நாள் கெடு.

மேல்முறையீடு, ஐகோர்ட் என்று எல்லோரும் பின்னால் வருவதையே பேசுகிறார்கள். என்னைக் கேட்டால் இந்த 21 நாள்தான் மொத்த விஷயத்திலும் பெரிது. இங்கே நீங்கள் போடும் தாள்தான் பிறகு மேலே போகிற ஃபைலில் இருக்கும். பதிலே போடாதவர் பிறகு மேல்முறையீட்டில் "என் இடம் பள்ளம், பாதை இல்லை" என்றால், அதை அப்போதே ஏன் சொல்லவில்லை என்றுதான் கேட்பார்கள்.

நோட்டீஸ் பத்திரத்தில் இருக்கும் விலாசத்துக்குத்தான் போகும். வாடகை வீட்டு விலாசத்தைக் கொடுத்துவிட்டு, வாங்கிய இடத்தில் வீடு கட்டிக் குடிபோனவர்களுக்கு இது கிடைக்காமல் திரும்பிவிடும். வெளிநாட்டில் இருந்துகொண்டு அப்பா பெயரில் பவர் கொடுத்து வாங்கியவர்கள் நிலை இன்னும் மோசம். கவர் ஊரில் அலமாரியில் கிடக்கும், இவருக்குத் தெரியவே ஆறு மாதம் ஆகும். பத்திரம் பரிந்துரையாகியிருக்கிறது என்று தெரிந்த உடனே, விலாசம் மாறியிருந்தால் அதைத் தனித்துணை ஆட்சியர் அலுவலகத்துக்கு எழுத்தில் தெரிவித்து, பெற்றுக்கொண்டதற்கான முத்திரை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள்.

நோட்டீஸ் வந்த தேதியை அந்தக் கவரிலேயே பேனாவால் எழுதி, கவரையும் பத்திரப்படுத்துங்கள். தபால் முத்திரை விழுந்த கவருக்குப் பின்னாளில் பெரிய மதிப்பு வரும்.

பிறகு அதிகாரி இடத்தைப் பார்வையிடலாம், பதிவுகளை வரவழைக்கலாம், வாக்குமூலம் வாங்கலாம். பார்வையிட வரும்போது முன்கூட்டியே உங்களுக்குத் தெரிவிக்க வேண்டும். தெரிவித்தால் தவறாமல் போய் நில்லுங்கள். நீங்கள் இல்லாத நேரத்தில் அவர் மெயின் ரோட்டில் ஜீப்பில் உட்கார்ந்தபடியே பார்த்துவிட்டுப் போகலாம். நீங்கள் இருந்தால் கூட்டிக்கொண்டு போய் அந்தப் பள்ளத்தைக் காட்டலாம்.

இதற்குப் பிறகு படிவம் 2 வரும். தற்காலிகமாக இன்ன மதிப்பு என்று கணக்கிட்டிருக்கிறோம், ஆட்சேபம் இருந்தால் சொல்லுங்கள் என்பது இதன் சாரம். அந்த மதிப்புக்கு எப்படி வந்தார்கள் என்ற அடிப்படையையும் சொல்ல வேண்டும் என்பது விதி. அடிப்படை இல்லாமல் வெறும் தொகை மட்டும் இருந்தால், அதையே உங்கள் ஆட்சேபத்தின் முதல் வரியாக எழுதுங்கள். எந்தத் தேதிக்குள் பதில், என்றைக்கு நேரில் வர வேண்டும் என்பது அந்த நோட்டீஸிலேயே இருக்கும். அதன்படி நடந்துகொள்ள வேண்டும்.

எதைக் காட்ட வேண்டும்?

"விலைவாசி ஏறிப்போச்சு, கடன் வாங்கித்தான் இடம் வாங்கினேன், கொஞ்சம் தயவு பண்ணுங்க" என்று மனு எழுதுபவர்கள் அதிகம். பாவமாகத்தான் இருக்கும். ஆனால் அது நிலத்தின் மதிப்பைப் பற்றி ஒன்றுமே சொல்வதில்லை.

மதிப்பை முடிவு செய்யும்போது எதையெல்லாம் பார்க்க வேண்டும் என்று விதிகளே சொல்கின்றன. விவசாய நிலம் என்றால் மண்ணின் வகை, விளைச்சல், பாசனம், சாலைக்கும் சந்தைக்கும் உள்ள தூரம். மனை என்றால் அந்தப் பகுதியில் மனைகளின் பொதுவான விலை, சாலை, பஸ் வசதி, ரயில் நிலையம், கடைத்தெரு எவ்வளவு அருகில் என்பது. கட்டடம் என்றால் எப்படிக் கட்டியது, எந்த வருடம் கட்டியது, எவ்வளவு பரப்பு, வயதால் எவ்வளவு தேய்மானம். உங்கள் பதில் இந்த வரிசையையே பிடித்துக்கொண்டு போவது நல்லது.

ஆதாரங்களில் கனமானது பக்கத்துப் பத்திரங்கள். உங்கள் பத்திர நாளுக்குச் சற்று முன்பு அதே தெருவிலோ அடுத்த சர்வே எண்ணிலோ நடந்த உண்மையான விற்பனைகளின் சான்றிட்ட நகல்களை வாங்குங்கள். வில்லங்கச் சான்று போட்டாலே, அதாவது இ.சி. எடுத்தாலே, எந்தப் பத்திரங்கள் என்று தெரிந்துவிடும். உங்கள் மனையின் அளவுக்கும் தன்மைக்கும் ஒத்துப்போகும் பத்திரமாக இருக்க வேண்டும். அண்ணன் தம்பிக்கு எழுதிக்கொடுத்த பத்திரம், பாகப்பிரிவினை இதெல்லாம் விலைக்கு ஆதாரமாகாது. உங்களுக்குப் பிறகு பதிவானவையும் வலு குறைவு, ஏனென்றால் கணக்குக்கு எடுப்பது உங்கள் பத்திரம் கையெழுத்தான நாளை. அந்த நாள்தான், ஒப்பந்தம் போட்ட நாள் அல்ல. மூன்று வருடத்துக்கு முன்பு அக்ரிமென்ட் போட்டு, இப்போதுதான் கிரயம் முடித்தவர்கள் இதில்தான் ஏமாறுகிறார்கள்.

அடுத்தது வரைபடம். எஃப்.எம்.பி. என்கிற புல வரைபடத்தில் உங்கள் இடத்துக்குச் சாலை முகப்பு இல்லை, அடுத்தவர் இடத்தின் வழியாகத்தான் போக வேண்டும் என்று தெரிந்தால் அது பத்து வாக்கியத்துக்குச் சமம். உயர் அழுத்த மின்கம்பி மேலே போவது, பக்கத்தில் சுடுகாடு, ஏரி உபரிநீர் ஓடும் வாய்க்கால் இவற்றுக்குத் தேதியோடு எடுத்த போட்டோ வையுங்கள். பதிவு பெற்ற மதிப்பீட்டாளரிடம் அறிக்கை வாங்குவது செலவுதான். வித்தியாசம் லட்சக்கணக்கில் என்றால் அது தகும்.

இதற்கெல்லாம் முன்பு ஒன்றைச் சரிபாருங்கள்: உங்கள் இடத்தை எந்த வகையில் போட்டிருக்கிறார்கள்? பெரிய தொகைகள் பெரும்பாலும் இங்கேதான் ஒளிந்திருக்கின்றன. விவசாய நிலத்துக்கு வழிகாட்டி மதிப்பு ஏக்கர் கணக்கில், மனைக்குச் சதுர அடிக் கணக்கில். ஒரு ஏக்கர் 100 சென்ட், ஒரு சென்ட் 435.6 சதுர அடி. நீங்கள் வாங்கியது 10 சென்ட் என்று வைத்துக்கொள்வோம். விவசாய நிலமாக ஏக்கருக்கு 40 லட்சம் என்றால் மதிப்பு 4 லட்சம். அதையே மனை என்று எடுத்துச் சதுர அடிக்கு 500 ரூபாய் போட்டால் 4,356 சதுர அடிக்கு 21,78,000 ரூபாய். தீர்வை 28,000-த்திலிருந்து 1,52,460-க்குத் தாவுகிறது. சின்ன அளவு நிலம் என்பதாலேயே மனையாக எடுத்துவிடுவார்கள். பயிர் இருக்கிறது என்று காட்டும் அடங்கல், பட்டாவில் உள்ள நில வகை, சுற்றிலும் லே-அவுட் இல்லை என்பது இதெல்லாம் இங்கேதான் வேலைக்கு வரும். சாலை வளைவில் இருக்கும் இடத்துக்கு அடுத்த தெருவின் உயர்ந்த விலையைப் போட்டிருப்பதும் இதே மாதிரிப் பிழைதான்.

கைடுலைனே தவறு என்று தோன்றினால் அது தனி வழி. வழிகாட்டி மதிப்பை நிர்ணயிக்க மதிப்பீட்டுக் குழுவும், மாவட்ட அளவில் ஆட்சியர் தலைமையில் துணைக்குழுவும் இருக்கின்றன. மதிப்புகளைத் திருத்தும்போது பொதுமக்களிடம் ஆட்சேபம் கேட்பார்கள். தெருவுக்கே தவறான விலை என்றால் அங்கே சொல்ல வேண்டும். அந்த மனுவைப் போட்டுவிட்டு உங்கள் 47-ஏ நோட்டீஸுக்குப் பதில் போடாமல் இருந்தால், இரண்டும் கெட்டதாகிவிடும்.

ஆணை வந்தபின்: இரண்டு மாதம்

இறுதி ஆணை வருகிறது, தொகை உங்களுக்கு ஒப்பவில்லை. 47-ஏ-வின் ஐந்தாவது உட்பிரிவின்படி மேல்முறையீடு செய்யலாம். சென்னையில் இருக்கும் பதிவுத்துறைத் தலைவரிடம் அது போகும். பேச்சில் ஐ.ஜி. என்பார்கள், போலீஸ் ஐ.ஜி. இல்லை. கெடு இரண்டு மாதம்.

அங்கேயும் ஒப்பவில்லை என்றால் பத்தாவது உட்பிரிவின்படி உயர் நீதிமன்றம். அதுவும் இரண்டு மாதம்தான். வழக்கறிஞர்கள் இதை சி.எம்.ஏ., அதாவது உரிமையியல் பல்வகை மேல்முறையீடு என்று போடுவார்கள். உங்கள் மாவட்டத்தைப் பொறுத்து சென்னை அல்லது மதுரைக் கிளை.

இந்த இரண்டு மாதத்தை எண்ணுவதில் பலர் சறுக்குகிறார்கள். மாதம் என்றால் காலண்டர் மாதம். இரண்டு மாதம் என்பது எப்போதும் 60 நாள் இல்லை. ஜனவரி 1-இலிருந்து எண்ணினால் இரண்டு மாதம் மார்ச் 1-இல் முடியும், லீப் வருடம் இல்லாவிட்டால் அது 59 நாள்தான். 60 நாள் இருக்கிறது என்று நினைத்து மார்ச் 2-ஆம் தேதி போய் நிற்பவர் ஒரு நாள் தாமதம். எந்த நாளிலிருந்து தொடங்குவது என்பதில் வாதம் வராமல் இருக்க, ஆணை கைக்கு வந்த நாளை விட்டுவிட்டு, ஆணையின் மேல் போட்டிருக்கும் தேதியிலிருந்தே எண்ணிக்கொள்ளுங்கள். சில நாள் நஷ்டம்தான், ஆனால் கெடு எந்தக் கணக்கிலும் தப்பாது. கடைசி நாள் விடுமுறை என்றால் அடுத்த வேலை நாளில் போடலாம் என்பது பொதுவான சட்ட விதி. அதை நம்பிப் பொங்கல் லீவுக்குள் கடைசி நாளைக் கொண்டுபோய் வைக்காதீர்கள்.

கெடு தாண்டினால் தாமதத்தை மன்னிக்கக் கேட்டு மனு போடுபவர்கள் உண்டு. ஒவ்வொரு நாளுக்கும் காரணம் சொல்ல வேண்டிவரும், ஏற்பார்கள் என்று உறுதியும் இல்லை. ஆஸ்பத்திரியில் படுத்திருந்தவருக்கு வேண்டுமானால் அது வழியாகலாம். மறந்துபோனவருக்கு அது வழி இல்லை.

மேல்முறையீட்டு மனுவில் புதிதாக அழுவதை விட, ஆணையில் எது விடுபட்டது என்று காட்டுவது பலிக்கும். நான் கொடுத்த மூன்று பத்திர நகல்களைப் பற்றி ஆணையில் ஒரு வரிகூட இல்லை. பார்வையிட்டதாக எழுதியிருக்கிறார்கள், எனக்குத் தகவல் இல்லை. எனக்குப் பொருந்தாத தெருவின் விலையை எடுத்திருக்கிறார்கள். இப்படி. ஆணையின் நகல், படிவங்கள், நீங்கள் கொடுத்த பதில், அதற்கான ஒப்புகை எல்லாவற்றையும் சேர்த்து அனுப்புங்கள். தபாலில் அனுப்பினால் ஒப்புகை அட்டையோடு பதிவு செய்து அனுப்புங்கள், கெடுவுக்கு ஒரு வாரமாவது முன்பு.

இரண்டு எச்சரிக்கை. மேல்முறையீடு போட்டாலே வசூல் தானாக நின்றுவிடும் என்று எண்ண வேண்டாம், நிறுத்தி வைக்கச் சொல்லித் தனியாகக் கேட்க வேண்டும். கட்டாமல் விட்டால் தொகை மேல் மாத வட்டி ஏறும், அந்தப் பாக்கி சொத்தின் மேலேயே பொறுப்பாக உட்கார்ந்துகொள்ளும். அதை வைத்துக்கொண்டு விற்கவோ அடமானம் வைக்கவோ போனால் முதல் தடுக்கல் அதுதான். இன்னொன்று, முதல்வர் தனிப்பிரிவுக்கு மனு, அமைச்சருக்கு மனு என்று போடுவது மேல்முறையீடு ஆகாது. அங்கே பதில் வரும்வரை கெடு காத்திருக்காது.

இந்தப் பகுதியின் சாரம்: படிவம் 1-க்குப் பதில் 21 நாள், ஐ.ஜி.க்கு இரண்டு மாதம், அங்கிருந்து உயர் நீதிமன்றத்துக்கு இரண்டு மாதம்.

ஐந்து வருடம் கழித்தும் வருமா?

முழு கைடுலைனும் கட்டிப் பத்திரத்தை வாங்கிக்கொண்டு வந்தவருக்கும் சிலசமயம் நோட்டீஸ் வரும். மூன்றாவது உட்பிரிவு அதற்கு இடம் கொடுக்கிறது. சப் ரிஜிஸ்டரார் அனுப்பாத பத்திரத்தையும், பதிவான நாளிலிருந்து ஐந்து ஆண்டுக்குள் ஆட்சியர் தாமாகவே வரவழைத்துப் பார்க்கலாம். நடைமுறை மற்றபடி அதேதான். நோட்டீஸ் வந்தால் முதலில் பதிவுத் தேதியைப் பார்த்து ஐந்து வருடம் தாண்டிவிட்டதா என்று கணக்குப் போடுங்கள். தாண்டியிருந்தால் அதுவே முதல் ஆட்சேபம்.

கட்டிவிடுவதா, எதிர்ப்பதா?

பதிவு நாளன்று ஆவண எழுத்தர் மெதுவாகச் சொல்வார், "சார், கைடுலைனைக் கட்டிட்டா சாயங்காலமே பத்திரம் கையில. இல்லேன்னா 47-ஏ, இழுத்துக்கிட்டே போகும்." அவர் சொல்வதில் உண்மை இருக்கிறது. கூடுதல் தீர்வை இருபதாயிரம், லோன் பணம் பத்திரத்துக்காகக் காத்திருக்கிறது என்றால் கட்டிவிட்டு வீட்டுக்குப் போவதே கணக்கு. அலைச்சலுக்கும் வக்கீலுக்கும் அதற்கு மேல் ஆகிவிடும்.

ஆனால் ஏற்றுக்கொண்டு கட்டிவிட்டால், "அதிகமாகக் கட்டினேன், திருப்பிக் கொடுங்கள்" என்று கேட்க 47-ஏ-வில் வழி இல்லை. பரிந்துரையே இல்லாததால் விசாரணையும் இல்லை. ஆகவே முடிவை அந்த ஜன்னல் முன்னால் நின்றுகொண்டு எடுக்காதீர்கள். டோக்கன் போடுவதற்கு ஒரு வாரம் முன்பே கைடுலைனைப் பார்த்து, வித்தியாசம் எவ்வளவு, வகைப்பாடு சரியா, பக்கத்துப் பத்திரங்கள் என்ன சொல்கின்றன என்று பார்த்துவிடுங்கள். வகைப்பாட்டுப் பிழையால் லட்சம் லட்சமாக ஏறியிருந்தால் எதிர்ப்பது நியாயம். உண்மையில் 60 லட்சம் கைமாறி, பத்திரத்தில் 45 என்று எழுதியிருந்தால் எதிர்க்க ஒன்றுமில்லை. அப்படிப்பட்டவர்களுக்குச் சொல்ல என்னிடம் வேறு யோசனையும் இல்லை.

வருமான வரியிலும் ஒரு முடிச்சு

இந்த மதிப்பு முத்திரைத் தீர்வையோடு நிற்பதில்லை. தீர்வைக்காக எடுத்துக்கொண்ட மதிப்பு, பத்திரத்தில் எழுதிய தொகையை விட 10 சதவீதத்துக்கு மேல் கூடுதலாக இருந்தால், விற்றவருக்கு அந்தக் கூடுதல் மதிப்பை வைத்தே மூலதன ஆதாயம் கணக்கிடப்படும். வாங்கியவருக்கும் அந்த வித்தியாசம் வருமானமாகக் கருதப்படலாம். மேலே போட்ட கணக்கில் 45-க்கும் 60-க்கும் உள்ள இடைவெளி அந்த 10 சதவீதத்தைத் தாண்டிவிடுகிறது. அதனால் தீர்வை குறைவுதானே என்று கைடுலைனை ஒப்புக்கொள்ளும் முன்பு இந்தப் பக்கத்தையும் கூட்டிப் பார்க்க வேண்டும். 47-ஏ நடந்துகொண்டிருந்தால் அதை விற்றவரிடமும் சொல்லுங்கள், அவருக்கும் நோட்டீஸ் போயிருக்கும். ரிட்டர்ன் போடும் ஆடிட்டரிடம் படிவம் 1, படிவம் 2, ஆணை எல்லாவற்றின் நகலும் ஒரு செட் இருக்கட்டும்.